வறண்ட வரிசை

ஜனவரி 7

இந்த வருட டைரி ஒரு மருந்துக் கம்பெனி கொடுத்தது. ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் இருமல் மருந்துப் படம். இருக்கட்டும், மேலே எழுத இடம் இருக்கிறது.

இன்று இருபத்து நான்கு வெள்ளை எலிகள் வந்தன. டாக்டர் சஜிதாவின் ஆராய்ச்சிக்கு. தக்கலைக்காரப் பெண். பல் டாக்டருக்குப் படித்து முடித்து, இப்போது வாய் உயிரியலில் பிஎச்.டி. செய்கிறாள். எச்சில் வற்றிப்போனால் பல் சீக்கிரம் தேயுமா என்பதுதான் அவளுடைய கேள்வி. பன்னிரண்டு எலிகளுக்கு உமிழ்நீர்ச் சுரப்பியை எடுத்துவிடுவார்கள். மற்ற பன்னிரண்டுக்கும் அதே இடத்தில் கீறி, எதையும் எடுக்காமல் தைத்துவிடுவார்கள். இதைப் பலகையில் படம் போட்டு எனக்கு விளக்கினாள். இருபது வருடத்துக்கு முன்பே நூலகத்தில் அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இதையெல்லாம் படித்தவன் நான். எட்டாம் வகுப்போடு நின்றவன் என்பதால் யாரும் கேட்பதில்லை. நானும் சொல்லவில்லை.

தீவன மாவைத் தண்ணீரில் குழைத்துத்தான் கொடுக்க வேண்டுமாம், கடினமான எதுவும் பல்லில் படக்கூடாது என்பதற்காக. எலிப் பல் சாகிற வரைக்கும் வளர்வது, கடிக்க ஏதாவது வேண்டும் என்று சொன்னேன். பேராசிரியர் கிருஷ்ணதாஸ் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. “மேல்பல்லும் கீழ்ப்பல்லும் உரசித் தன்னால தேயும், ஓய். எழுதி வச்சபடி செய்தா போதும்” என்றார்.

இந்த விலங்குக்கூடத்தில் எனக்கு இது முப்பத்தோராவது வருடம். கடைசி எட்டு வருடம் ஓய்வு பெற்ற பிறகு. ஆள் கிடைக்கவில்லை என்று அவர்கள்தான் கூப்பிட்டார்கள்.

ஜனவரி 10

அறுவை முடிந்தது. எல்லாம் பிழைத்தன. சுரப்பி எடுத்தவற்றை அடித்தட்டிலும் மற்றவற்றை மேல்தட்டிலும் வைத்தேன். டாக்டர் ‘அ’, ‘ஆ’ என்று சீட்டு ஒட்டினாள். எனக்கு அவை வறண்ட வரிசை, ஈர வரிசை.

ஜனவரி 15

பொங்கல் விடுமுறை. எலிகளுக்குக் கிடையாது.

ஜனவரி 18

வெள்ளிக்கிழமைதோறும் அளவு. எலிக்கு லேசாக மயக்கம் கொடுத்து, கீழ் முன்பல்லில் ஈறை ஒட்டி அரத்தால் மயிரிழை போல ஒரு கோடு போட வேண்டும். அடுத்த வெள்ளிக்குள் அந்தக் கோடு மேலே ஏறியிருக்கும். பல்லின் மொத்த நீளம் மாறாமல் இருந்தால், ஏறின அளவு நுனியில் தேய்ந்திருக்கிறது என்று அர்த்தம். எலியைப் பிடிப்பது என் கை, அளப்பது அவள் கை. அவள் கை நடுங்கவில்லை. அதை ஒப்புக்கொள்கிறேன்.

பிறகு எச்சில். எச்சில் ஊறுவதற்கு ஊசி போட்டு, எடை பார்த்த பஞ்சு உருண்டையை ஐந்து நிமிடம் வாயில் வைத்து, மறுபடி எடை பார்க்கிறோம். வறண்ட வரிசையின் பஞ்சு போட்டது போலவே திரும்பி வந்தது.

ஒரு வாய் மாவு, ஒரு ஓட்டம் தண்ணீர்க் குழாய்க்கு. மறுபடி ஒரு வாய், மறுபடி ஓட்டம். இப்படிச் சாப்பிடுவதை நான் முன்பே பார்த்திருக்கிறேன். அதை இங்கே எழுதத் தேவையில்லை.

ஜனவரி 22

ஏழாம் கூட்டு எலி, வறண்ட வரிசை, கம்பியைக் கடித்துக்கொண்டே இருக்கிறது. உதட்டில் ரத்தம். ஒன்பதும் பத்தும் அப்படியே.

வீட்டிலிருந்து ஒரு தேங்காய்ச் சிரட்டை கொண்டுவந்தேன். சுத்தியலால் கட்டைவிரல் நக அளவுக்கு உடைத்து, கூர் முனைகளைக் கல்லில் தேய்த்து, கொதிக்க வைத்து, வறண்ட வரிசை பன்னிரண்டு கூட்டிலும் ஒவ்வொரு துண்டு போட்டேன். சாயங்காலம் ஐந்து மணி. காலையில் எடுத்துவிடலாம். ஈர வரிசைக்குப் போடவில்லை. அவை கம்பியைக் கடிக்கவில்லை.

கல்லூரிப் பதிவேட்டில் தீவனம், தண்ணீர், படுக்கைத் தூள், எடை என்று நான்கு கட்டம் உண்டு. சிரட்டைக்குக் கட்டம் இல்லை. எலி சிரட்டையைத் தின்பதும் இல்லை. கடித்துத் தூளாக்கி அங்கேயே போட்டுவிடும், வயிற்றுக்குள் ஒன்றும் போகாது. தின்னாத ஒன்றைத் தீவனக் கட்டத்தில் எழுதுவது தவறு.

இரக்கப்பட்டுச் செய்ததல்ல. எனக்கு எலியைத் தெரியும், அவ்வளவுதான்.

ஜனவரி 23

காலை ஆறரைக்குப் போனேன். பன்னிரண்டு துண்டும் கடிபட்டிருந்தன. ஏழாம் எலி உறங்கிக்கொண்டிருந்தது. கம்பியில் ரத்தம் இல்லை.

பிப்ரவரி 5

கூடு கழுவுகிற லீலா சிரட்டைத் தூளைப் பார்த்துவிட்டாள். “என்ன அண்ணாச்சி, எலிக்கு மாப்பிள்ளை விருந்தா? அடுத்தது என்ன, பாயசமா?” என்றாள். தூளை வாரிக் கொட்டு, வாயை மூடு என்றேன். “எனக்கென்ன, நாளைக்கு வெத்தில பாக்கும் வச்சிக் குடுங்கோ” என்று சொல்லிவிட்டு வாளியைத் தூக்கிக்கொண்டு போனாள். சிரிக்காமல் இருக்கக் கஷ்டப்பட்டேன்.

கடிபட்ட துண்டுகளைத் தேதி எழுதிய தாளில் பொதிந்து ஊறுகாய் பாட்டிலில் போட்டு வைக்கிறேன். எனக்கு எதையும் எறிந்து பழக்கமில்லை.

பிப்ரவரி 15

ஈர வரிசை வாரத்துக்கு மூன்றரை மில்லிமீட்டர் தேய்கிறது. வறண்ட வரிசை அதைவிட ஒரு மில்லிமீட்டருக்கு மேல் கூடுதல். டாக்டர் கணக்குப் போடுவதற்கு முன்பே, எலியைப் பிடித்த கையிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. “அடித்தட்டு வேகமாத் தேயுது, டாக்டர்” என்று சொன்னேன். அப்போது மணி பதினொன்று பத்து. முதலில் கண்டது நான். இதைத் தேதியோடு எழுதி வைக்கிறேன்.

மார்ச் 8

கடைசி அளவு. வித்தியாசம் அப்படியே நின்றது. டாக்டர் பேராசிரியருக்குப் போன் செய்தபோது குரல் உடைந்தது. லீலாவுக்கும் எனக்கும் லட்டு வாங்கிக் கொடுத்தாள். நேற்றுப் போட்டதோடு சிரட்டை நாற்பத்தைந்து சாயங்காலம்.

ஏப்ரல் 12

மாநாட்டில் பரிசு கிடைத்திருக்கிறது. டாக்டர் கம்ப்யூட்டரில் எனக்குக் காட்டினாள். எச்சில் வற்றினால் பல் மூன்றில் ஒரு பங்கு கூடுதலாகத் தேய்கிறது என்று அழகாகப் படம் போட்டிருந்தாள். கடைசிப் பக்கத்தில் நன்றி. பேராசிரியர் பெயர், டீன் பெயர், படம் எடுத்தவர் பெயர். அதற்கும் கீழே ‘விலங்குக்கூட ஊழியர்கள்’.

நான் நேராகப் பேராசிரியர் அறைக்குப் போனேன். முப்பத்தொரு வருடத்தில் எத்தனை ஆராய்ச்சி, எத்தனை பேர் பட்டம் வாங்கிப் போனார்கள் என்றெல்லாம் பேசவில்லை. பிப்ரவரி 15 காலை பதினொன்று பத்துக்கு இதைக் கண்டது நான், என் பெயரைப் போட வேண்டும் என்று மட்டும் சொன்னேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “கூட்டுக்கு அடியில தூத்து வாரினவனுக்கெல்லாம் பேரு போட்டா தலைப்புக்கு எடம் இருக்காது, ஓய்” என்றார்.

சாவியை மேசையில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

ஏப்ரல் 20

போன் அடித்தது. எடுக்கவில்லை.

ஏப்ரல் 21

ஈஸ்டர். மகள் வரவில்லை. வரச் சொல்லி நானும் கூப்பிடவில்லை.

மே 3

டாக்டர் சஜிதா வீட்டுக்கே வந்துவிட்டாள். பஸ் இறங்கி வெயிலில் நடந்து வந்திருக்கிறாள். கட்டன் காப்பி கொடுத்தேன். கட்டுரையை வாங்கிய ஆராய்ச்சிப் பத்திரிகை, இன்னொரு தொகுதி எலிகளிலும் இதைச் செய்து காட்டுங்கள் என்று கேட்டிருக்கிறதாம். நீங்கள் வந்தால்தான் நடக்கும் என்றாள். பெயர் போட்ட பிறகு வருகிறேன் என்றேன். அது தன் கையில் இல்லை என்று தலையைக் குனிந்துகொண்டாள். அவள் கையில் இல்லை என்பது எனக்கும் தெரியும்.

வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே கேட்டாள்: “முதல் தடவ செய்ததில எனக்குத் தெரியாத ஏதாவது உண்டா, அண்ணாச்சி? மாவு குழைக்கிற விதம், தண்ணி, எதுவானாலும் சரி.”

“பதிவேட்டில எல்லாம் இருக்கு” என்றேன்.

அது பொய் இல்லை. பதிவேட்டில் இருக்க வேண்டியது எல்லாம் பதிவேட்டில் இருக்கிறது.

மே 19

சமையலறையில் ஒட்டடை அடித்தேன். கதவில் ஒட்டியிருக்கும் தாளின் மீது துடைப்பம் படாமல் பார்த்துக்கொண்டேன். மூன்று வருடத்துக்கு முன்பு என் வீட்டுக்காரி ஞானபாய்க்குத் தொண்டைப் புற்றுக்குக் கரண்டு வைத்து முடிந்ததும் ஆஸ்பத்திரியில் கொடுத்த தாள். கொடுக்கலாம், கொடுக்கக்கூடாது என்று இரண்டு பட்டியல். நான்தான் ஒட்டினேன். அதில் இருந்தபடியே எல்லாம் செய்தேன். ஒரு நாளும் தவறவில்லை.

கரண்டு வைத்ததில் அவள் வாய் வற்றிப்போயிற்று. ஒரு வாய் கஞ்சி, ஒரு வாய் தண்ணீர். அவளுடைய கடைசி டிசம்பரில், கிறிஸ்துமஸுக்கு இரண்டு நாள் முன்பு, பக்கத்து வீட்டில் முந்திரிக்கொத்துப் பலகாரம் சுடுகிற வாசனை வந்தது. எனக்கு ஒன்று வேண்டும் என்றாள். தாளில் கடினமான பண்டம் கூடாது என்று இருந்தது. நான் தாளைக் காட்டினேன்.

“முழுங்கமாட்டேன். கடிச்சிட்டுத் துப்பிருவேன். வாய்க்கு ஏதாவது கடிக்கணும் போல இருக்கு” என்றாள்.

நான் கொடுக்கவில்லை. தாளில் எழுதியிருந்தபடிதான் நடந்தேன். ஜனவரியில் போய்விட்டாள்.

ஜூன் 11

தேங்காய் வெட்ட ஆள் வந்தது. நூற்றிருபது காய்.

ஜூன் 24

முட்டுவலி. டீக்கடையில் லீலாவின் மாப்பிள்ளையைப் பார்த்தேன். புதிய எலிகளுக்கு யாரோ ஒரு தற்காலிகப் பையனை வைத்திருக்கிறார்களாம். எழுதி வைத்தபடியே அச்சாகச் செய்கிறானாம். செய்யட்டும்.

ஜூலை 9

லீலா வந்தாள். உட்காரச் சொல்லும் முன்பே ஆரம்பித்துவிட்டாள். “இந்தத் தடவ ரெண்டு வரிசையும் ஒண்ணு போலத் தேஞ்சிருக்காம், அண்ணாச்சி. மயிரிழை வித்தியாசம் இல்லியாம். அந்தப் பிள்ளை முதல்ல கள்ளக் கணக்கு எழுதிப் பரிசு வாங்கிச்சுன்னு பேசுதாவ.” மூன்று பேர் கொண்ட விசாரணைக் குழு போட்டிருக்கிறார்கள். சஜிதாவின் நோட்டுகளை எல்லாம் அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டார்கள். பேராசிரியர் தனக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிட்டாராம்.

உள்ளபடியே எழுதுகிறேன். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. என் கை இல்லாமல் எலியைப் பிடித்தால் இப்படித்தான் ஆகும்.

ஜூலை 10

காரணங்கள் பல இருக்கலாம். இது வெயில் காலத்தில் செய்தது. எலிகள் வேறு இடத்திலிருந்து வந்தவை. பையன் கோட்டை ஈறிலிருந்து தள்ளிப் போட்டிருப்பான். பஞ்சை எடை பார்க்கும் முன்பு காய விட்டிருப்பான். மாவைக் குழைக்கத் தெரிந்திருக்காது.

ஜூலை 11

மழை.

ஜூலை 13

காரணங்களை மறுபடி எழுதிப் பார்த்தேன். வெயில் இரண்டு வரிசைக்கும் ஒன்றுதான். மாவும் ஒன்றுதான். பையனும் ஒருவன்தான். ஒரு வரிசைக்கு மட்டும் நடந்தது என்ன என்றுதான் பார்க்க வேண்டும். இது எனக்கு யாரும் சொல்லிக் கொடுத்ததில்லை, நானாகப் படித்தது.

ஜூலை 14

சபைக்குப் போகவில்லை. ஊறுகாய் பாட்டிலைத் திறந்து துண்டுகளைப் பாயில் பரப்பினேன். பிப்ரவரி 11. பிப்ரவரி 12. எல்லாவற்றிலும் இரண்டு இரண்டாகப் பல் தடம். உளி வைத்துச் செதுக்கினது போல அவ்வளவு ஆழம். சிரட்டை தேய்ந்திருக்கிறது. சிரட்டையைத் தேய்க்கிற பல் தேயாமல் இருக்காது.

ஜூலை 16

ஜனவரி 22 பக்கத்தை எடுத்துப் படித்தேன். என் கையெழுத்துதான்.

ஜூலை 21

எல்லாத் துண்டையும் அடுப்பில் போட்டால் பத்து நிமிடத்தில் எரிந்துவிடும். சிரட்டை நன்றாக எரியும்.

ஜூலை 22

எரிக்கவில்லை.

பேராசிரியருக்கு என்னால் ஒரு நன்மை வரப்போகிறதே என்பதுதான் உறுத்துகிறது. எழுதி வைத்தபடி செய் என்று அவர் சொன்னார். செய்திருந்தால் இந்தப் பெண்ணுக்கு இந்த நிலை இல்லை. அவர் சொன்னது சரி என்று என் கையாலேயே எழுதிக் கொடுக்க வேண்டும். முப்பத்தொரு வருடத்தில் என்னிடமிருந்து ஒரு கூடு கெட்டதில்லை என்று மார்தட்டிக்கொண்டிருந்தேன். பிப்ரவரி 15, பதினொன்று பத்து. நான் கண்டுபிடித்தது என்று சண்டை போட்டேனே, அது நானே உண்டாக்கினது.

ஜூலை 30

லீலா போனில் சொன்னாள். ஆகஸ்ட் ஐந்தாம் தேதி குழு கடைசியாகக் கேட்கப்போகிறது. விளக்கம் திருப்தியாக இல்லை என்றால் சஜிதாவின் ஆராய்ச்சிப் பதிவை ரத்து செய்வார்கள். படிப்பு மட்டும் போகாது. கள்ளி என்ற பெயரும் கூடவே வரும், எங்கே வேலைக்குப் போனாலும். “அந்தப் பிள்ளை சோறு தின்னுதா இல்லியான்னே தெரியல்ல, அண்ணாச்சி. ஆளே பாதியாயிட்டா” என்றாள். லீலாவுக்குச் சிரட்டை ஞாபகம் இருக்கிறது. கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை.

ஆகஸ்ட் 2

சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டு கல்லூரிக்குப் போனேன். டாக்டர் சஜிதா ஆய்வகத்தில் தனியாக இருந்தாள். நோட்டு இல்லை, கம்ப்யூட்டர் இல்லை, வெறும் மேசை. நான் பாட்டிலையும் இந்த டைரியையும் மேசையில் வைத்தேன்.

“வறண்ட வரிசைக்கு நான் சிரட்டைத் துண்டு போட்டேன். தினம் சாயங்காலம். காலத்த நீங்க வாறதுக்கு முன்ன எடுத்திருவேன்.”

அவள் பாட்டிலைப் பார்த்தாள். தொடவில்லை. “எத்தன நாளு?”

“நாப்பத்தஞ்சு சாயங்காலம். எல்லாம் எழுதி வச்சிருக்கேன்.”

“நான் உங்க வீட்டில வந்து கேட்டேனே.”

“கேட்டிய.”

“பதிவேட்டில எல்லாம் இருக்குன்னு சொன்னிய.”

“சொன்னேன்.”

அவள் எழுந்து ஜன்னல் பக்கம் போய் முதுகைக் காட்டி நின்றாள். வைவாள் என்று காத்திருந்தேன். வைதிருந்தால் எனக்கும் பதில் இருந்திருக்கும். அவள் திரும்பாமலே பேசினாள். “எனக்க கையையே நான் நம்பாம ஆயிட்டேன், அண்ணாச்சி. எனக்குத் தெரியாம நான்தான் தப்பா அளந்திட்டனோன்னு, ஸ்கேல எடுத்து வச்சி வீட்டில உள்ள பேனா, பென்சில் எல்லாம் அளந்து பாக்கேன். உம்மா பயந்துபோய் நேர்ச்சை வச்சிருக்கா.”

நான் மன்னிப்பு கேட்கவில்லை. உங்கள் அளவு எல்லாம் சரி, ஒரு எண்கூடத் தவறில்லை, எலியைப் பிடித்த எனக்குத் தெரியும் என்று சொன்னேன். அப்போதுதான் திரும்பினாள்.

“கடிக்கக் குடுத்தா எல்லாத்துக்கும் குடுத்திருக்கலாம். ஏன் வறண்டதுக்கு மட்டும்?”

“கம்பியைக் கடிச்சுது” என்றேன்.

அவள் நம்பினதாகத் தெரியவில்லை. டைரியை எடுத்து ஜனவரியிலிருந்து வாசிக்கத் தொடங்கினாள். மே 19 அதில்தான் இருக்கிறது என்பது அப்போதுதான் ஞாபகம் வந்தது. வாங்கிவிடக் கை நீண்டது. வாங்கவில்லை. வெளியே வந்து வேப்பமரத்தடியில் நின்றேன். முக்கால் மணி நேரம் கழித்து அவளே கொண்டுவந்து கொடுத்தாள். கண் சிவந்திருந்தது. என் மேலுள்ள கோபம் போகவில்லை, அதுவும் அந்தக் கண்ணில் இருந்தது.

“இத குழுவுக்குக் குடுத்தா உங்க வீட்டு விஷயமும் போவும். அந்தப் பக்கத்த மட்டும் எடுத்திருங்கோ” என்றாள்.

பக்கம் கிழிந்த டைரியை யார் நம்புவார்கள் என்று கேட்டேன்.

ஆகஸ்ட் 5

குழுவின் முன்பு இரண்டு மணி நேரம். மூன்று பேரும் பாட்டிலைக் கை மாற்றிப் பார்த்தார்கள். ஒருவர் பூதக்கண்ணாடி வரவழைத்தார். தேதிகளைச் சஜிதாவின் நோட்டோடு ஒத்துப் பார்த்தார்கள். எல்லாம் பொருந்தியது. அவள் பதிவு ரத்து இல்லை. முதல் முடிவு தவறு என்று பத்திரிகைக்கும் மாநாட்டுக்கும் கடிதம் போகும், பரிசைத் திருப்பிக் கொடுக்க வேண்டும், ஆராய்ச்சி முதலிலிருந்து தொடங்க வேண்டும். அனுமதிக்கு அலைந்ததையும் சேர்த்து ஒன்றரை வருடம் வீண். அந்த ஒன்றரை வருடத்தை நான் எங்கிருந்தும் கொண்டுவந்து கொடுக்க முடியாது.

பேராசிரியர் என்னை வெளியே கூப்பிட்டார். கடிதத்தில் ‘ஓர் ஊழியர்’ என்று போட்டுக்கொள்ளலாம், பெயர் வேண்டாம், இந்த வயதில் உமக்கு எதற்கு அவமானம், கல்லூரிக்கும் நல்லதல்ல என்றார். அவர் இவ்வளவு மெதுவாக என்னிடம் பேசினதில்லை. அன்றைக்கே சொன்னேனே என்று அவர் குத்திக்காட்டவும் இல்லை.

“லீலாவும் ஊழியர்தான், சார். அந்தத் தற்காலிகப் பையனும் ஊழியர்தான். செய்தது நான். பேரு போடணும்” என்றேன்.

“பிடிவாதம் விடவே விடாது உமக்கு” என்றார். போட்டார்கள். ‘ஞா. சத்தியதாஸ், விலங்குக்கூட உதவியாளர், அனுமதியின்றி’ என்று தொடங்குகிறது வாக்கியம். தட்டச்சு செய்ததை வாங்கி இரண்டு தடவை வாசித்தேன். முப்பத்தொரு வருடத்தில் இந்தக் கல்லூரி வெளியே அனுப்பும் தாளில் என் பெயர் வருவது இதுதான் முதல் தடவை. இனி விலங்குக்கூடத்துக்குள் நான் போகக்கூடாது என்று தனியாக ஓர் உத்தரவும் கொடுத்தார்கள்.

ஆகஸ்ட் 6

டைரியை ஆவணமாகச் சேர்க்க வேண்டுமாம். பத்து மணிக்குக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். மீதி மாதங்கள் காலியாகவே போகும்.

கூடவே ஒரு வாக்குமூலப் படிவம் கொடுத்திருக்கிறார்கள். அதை வீட்டிலேயே நிரப்பி எடுத்துக்கொண்டேன். என்ன எழுதினேன் என்பது இங்கேயும் இருக்கட்டும். பெயர், வயது, பதவி. செய்த செயல். தேதிகள். கடைசியாக ‘காரணம்’ என்று ஒரு கட்டம், மூன்று வரி இடம் விட்டிருந்தார்கள். நான் பார்த்த பதிவேடுகள் எதிலும் அந்தக் கட்டம் இருந்ததில்லை.

கம்பியைக் கடித்தன என்று முதலில் எழுதினேன். அதை அடித்துவிட்டுக் கீழே எழுதினேன்:

என் மனைவி ஞானபாய் கடிக்க ஒன்று கேட்டாள். நான் கொடுக்கவில்லை.